யவனரும் சோனகரும்: ஒரு பெயருக்கு எழுதப்பட்ட உரைகள்

பத்துப்பாட்டுக்கு உரை வகுத்த நச்சினார்க்கினியர், யவனர் என்னும் சொல்லுக்குச் சோனகர் என்று பொருள் எழுதி மேற்செல்கின்றார். காரணங் காட்டினாரில்லை, மேற்கோள் தந்தாருமில்லை. தம் காலத்து மாணாக்கனுக்கு அச்சொல் தானே விளங்கும் என்னுந் துணிவே ஆண்டு உள்ளது. உரையாசிரியர் ஐயமின்றி எழுதிய அவ்வொரு சொல், பின்வந்த நம்மனோர்க்குப் பேரையமாய் முடிந்தது. அவ்வையத்தைத் தீர்க்கப் புகுந்தோர் இரு கூறாய்ப் பிரிந்து நிற்கின்றனர். ஒரு கூற்றார், யவனராவார் கிரேக்கரும் உரோமருமே என்றும், பதினான்காம் நூற்றாண்டினராகிய உரையாசிரியர் பழமை அறியாது பிழைபட எழுதினார் என்றும் கூறுவர். மறு கூற்றார், தமிழ்நூற் கடலை நீந்திய ஒருவர் இங்ஙனம் பிழைபடார் என்றும், ஆகவே சங்கத்துச் சான்றோர் பாடிய யவனர் அராபியரே என்றும், இற்றைச் சோனகர் அவர் வழியினர் என்றும் கூறுவர். இவ்விரு கூற்றும் எத்துணை வலியுடையன என்று ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இவ்வாராய்ச்சி புலவர் பொழுதுபோக்காய் மட்டும் நின்றிருப்பின் யான் இதனைக் கையிலெடுத்திரேன். கல்முனையில் உயர்தர மாணவர்க்கு நிகழ்ந்த மாலை வகுப்பொன்றில், முல்லைப்பாட்டிலே அரசன் பாசறையைக் காக்கும் யவனரைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். உரையிற் சோனகர் என்றிருப்பதைப் படித்த சம்மாந்துறை மாணவன் ஒருவன் எழுந்து, “சேர், யவனர் எண்டா எங்கட ஆக்கள்தானே?” என்றான். மறுமொழி என் வாயில் வருமுன் பின்வரிசையிலிருந்து எம்மூர் மாணவன் ஒருவன், “அப்ப நீங்க கப்பல்ல வந்த ஆக்கள்தானே!” என்றான். வகுப்புச் சிரித்தது, கேட்டவன் சிரிக்கவில்லை. யானோ, “யவனர் என்றாற் கிரேக்கர்; எழுதிக்கொள்ளுங்கள்” என்று கூறி அடுத்த அடிக்குப் போய்விட்டேன். பல ஆண்டாய் யான் எழுதுவித்து வந்த விடை அதுவே. விடை பிழையென்று சொல்லல் ஆகாது. ஆயினும் கேட்கப்பட்ட வினாவுக்கு அது விடையாகாது. எள்ளிய மாணவனுக்கும் ஒன்று சொல்லியிருக்க வேண்டும். வீரமுனைச் சிந்தாயாத்திரைப் பிள்ளையார் கோயிலோடு பிணைந்து வழங்கும் சீர்பாததேவி வரலாறே சோழநாட்டிலிருந்து கப்பலேறி வந்த வரலாறன்றோ!

இனிப் பெயரின் பிறப்பைக் காண்போம். கிரேக்கர் எக்காலத்தும் தம்மைப் பொதுப்பெயராற் கிரேக்கர் என்று அழைத்துக்கொண்டவரல்லர். அவர்தம் பொதுப்பெயர் எல்லேனர் என்பது. கிரேக்கர் என நாம் வழங்குவது உரோமர் வாய்வழி ஐரோப்பா முழுதும் பரவிய பெயர். யவனர் என்பது இவ்விரண்டற்கும் வேறாய், அவருள் ஒரு பிரிவினராகிய இயோனியரின் பெயரினின்றும் வந்தது. சின்ன ஆசியா எனப்படும் இற்றைத் துருக்கி நாட்டின் மேலைக் கரையிலும் அதனையடுத்த தீவுகளிலும் அவர் வாழ்ந்தனர். மிலேத்தசு, எபேசு முதலியன அவர்தம் நகரங்கள். கீழ்த்திசை மக்கள் முதன்முதற் கண்டறிந்த கிரேக்கர் இவரே. ஆதலின் இவர் பெயரே கீழ்த்திசையிற் கிரேக்கர் அனைவர்க்கும் பெயராயிற்று. அசீரியப் பேரரசன் இரண்டாஞ் சார்கோனின் எழுத்துக்களில் இப்பெயர் கி.மு. எட்டாம் நூற்றாண்டிலேயே காணப்படுகின்றது. எபிரேய வேதத்தின் ஆதியாகமம் பத்தாம் அதிகாரம் யாப்பேத்தின் மக்களுள் ஒருவனை யாவான் என்கின்றது. பாரசீகப் பேரரசன் தாரயவுசு பெகிசுதூன் மலையிற் கி.மு. 520ஐ ஒட்டி வெட்டுவித்த சாசனம் யௌன என்று குறிக்கின்றது.

ஈண்டு ஒரு சுவையான செய்தியுண்டு. ஓமர் இவரை இயாவோனர் என்பதற்கு நெருங்கிய வடிவாற் சுட்டுகின்றார்; ஆயின் இடைநின்ற வகரவொலி அவர் நூலில் இல்லை. அவ்வொலி முன்னொரு காலத்து இருந்தே மறைந்தது என்று மொழிநூலார் கருதினர். 1952இல் மைக்கேல் வெந்திரிசு என்பார் கிரீத்துத் தீவின் பழைய களிமண் ஏட்டெழுத்தைப் படித்தறிந்த பின்னர், வகரத்தோடு கூடிய அவ்வடிவமே ஏட்டில் எழுதப்பட்டிருத்தல் தெரியவந்தது. கிரேக்கர் தம் வாயில் மூவாயிரம் ஆண்டுக்கு முன்னரே இழக்கத் தொடங்கிய ஒலியைக் கீழ்த்திசைச் சொற்கள் போற்றி வைத்துள்ளன. நம் நாட்டுப் பள்ளிச் சிறுவன் யவனர் என்று வாய்விட்டுப் படிக்கும்போது அவ்வகரம் இன்றும் ஒலிக்கின்றது.

அதற்கும் அப்பால், இயோனியர் என்பதன் வேர்ப்பொருள் யாதெனின், முடிந்த முடிபு இன்றளவும் இல்லை. கிரேக்கர் தாமே அதற்கு இயோன் என்னும் முன்னோன் ஒருவனைப் படைத்துக்கொண்டனர்; எவுரிபிடிசு அவனை அப்பொல்லோன் மகனாக்கி நாடகமும் எழுதினார். ஊதா நிறப் பூவொன்றன் பெயரோடு இணைத்தாரும் உளர். நம் நாட்டாரும் சளைத்தாரல்லர். வசிட்டருடைய பசுவின் உறுப்பொன்றிலிருந்து யவனர் தோன்றினர் என மகாபாரதம் ஓரிடத்துக் கூறும். அந்நூலே பிறிதோரிடத்து யயாதி மகன் துர்வசுவின் வழியினர் என்று கூறும். கலத்தல் என்னும் பொருளுடைய வேரொன்றைக் காட்டிக் கலப்பினத்தார் எனக் கொள்வாரும் உளர். எம் மாணவர் விடைத்தாள்களில் யௌவனம் என்பதோடு யவனத்தை முடிச்சிட்டு, “இளமையான வீரர்” என்று எழுதியதை யான் பலமுறை கண்டதுண்டு. இவையெல்லாம் ஒலியொப்புமையைக் கண்டு பொருளொப்புமையைப் படைத்துக்கொள்ளும் பழைய நோயின் வகைகள். அயன்மொழிச் சொல் ஒன்று நம் மொழிக்குள் வந்தவுடன் அதற்கு இங்கேயே தாய்தந்தையரைத் தேடும் விருப்பம் மாந்தர்க்கு இயல்பு போலும்.

இந்திய நாட்டில் இச்சொல் இரு வடிவாய் வழங்கிற்று. வடமொழியில் யவன என்பது. பாணினி இச்சொல்லை அறிவார். அவர் சூத்திரத்துக்கு வார்த்திகம் இயற்றிய காத்தியாயனர், யவனானீ என்பது யவனருடைய எழுத்தைக் குறிக்கும் என்கின்றார். பாகதத்திலும் பாளியிலும் யோன, யோனக என்பன. வடமொழி லவணம் பாகதத்தில் லோணம் ஆவது போலவே இதுவும். அசோகன் தன் பதின்மூன்றாம் பாறைச் சாசனத்திற் கூறும் யோன அரசன் அந்தியோகன், சிரியாவை ஆண்ட கிரேக்க அரசனே என்பதில் ஐயமில்லை. பெசுநகரிற் கருடத்தம்பம் நாட்டிய எலியோதோரன், தான் தக்கசிலையினின்றும் வந்த யோனதூதன் என்றும் பாகவதன் என்றும் அதிற் பொறித்துள்ளான், அஃது கி.மு. இரண்டாம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டியது. இதுவரை யவனர் என்றாற் கிரேக்கரே.

இதன் பின்னரே பெயர் அகலத் தொடங்குகின்றது. கூனாகட்டில் உருத்திரதாமன் கி.பி. 150ஐ ஒட்டிப் பொறித்த சாசனம், அசோகன் காலத்து அப்பகுதியை ஆண்ட யவனராசன் துசாசுபன் என்பானைக் குறிக்கின்றது. துசாசுபன் என்பது கிரேக்கப் பெயரன்று, பாரசீகப் பெயர். காருலாக் குகைப் பள்ளியிலே தூண்களைத் தானஞ்செய்த யவனர் சிலர் தம்மைப் பற்றிப் பொறித்துள்ளனர். அவர்தம் பெயர்களோ இந்நாட்டுப் பௌத்தர் பெயர்களே. ஆகவே கிறித்து பிறந்த காலத்தை அடுத்து, யவனன் என்பது குருதியைச் சுட்டும் பெயராய் மட்டும் நில்லாது, மேற்றிசையினின்று வந்தவன், அவன் வழியினன், அவனோடு கூடி வணிகஞ் செய்பவன் என்று பல பொருளுக்கும் இடங்கொடுக்கும் பெயராயிற்று. பெயரைக் கண்டவுடன் இனத்தைத் துணிவோர் இவ்விரு சாசனங்களையும் ஒருமுறையேனும் நினைத்தல் வேண்டும்.

யவனரும் சோனகரும் ஒரே சொல்லின் இரு வடிவங்கள் என்பதும் இதனால் விளங்கும். முன்னையது வடமொழி வடிவை ஒட்டித் தமிழிற் புகுந்தது. பின்னையது யோனக என்னும் பாகத வடிவினின்று வந்தது. சொன்முதல் யகரம் வடநாட்டு வழக்கிற் சகரவினத்து ஒலியாதலும், அஃது தமிழெழுத்திற் சகரமாதலும் இயல்பு. யோகி என்பது சோகி என வழங்கினமை காண்க. மலையாளத்தார் ஜோனகர் என்பர். கொல்லத்துக் கடற்கரையில் ஜோனகபுரம் இன்றும் உண்டு. சிங்களத்தார் யோனக என்றே பழைய ஒலி குன்றாது வழங்குவர். நிகண்டுகள் சோனகரையும் யவனரையும் ஒருபொருட் சொல்லாய் வைத்தன. பதினெண்மொழி எனும் பழைய எண்ணிக்கையிலும் சோனகம் ஒன்றாய் நிற்கின்றது. எனவே நச்சினார்க்கினியர் பிழைபட எழுதினார் என்பார் கூற்று முதலிலேயே வீழ்கின்றது. சொல்லுக்குச் சொல் என்ற அளவில் அவர் எழுதியதினும் செவ்விய உரை வேறில்லை.

சொல் ஒன்றாயின் சுட்டப்பட்ட மக்களும் ஒருவரேயாதல் வேண்டும் என்று மறு கூற்றார் இங்குக் கைதட்டுவர். அவர்க்கு விடை சங்கநூல்களே தருகின்றன. அகநானூற்று 149ஆம் பாட்டிலே யவனர் மரக்கலம் பொன்னொடு வந்து மிளகொடு மீள்கின்றது; இடம் சேரர் முசிறி. புறநானூற்று 56ஆம் பாட்டிலே நக்கீரர் பாண்டியன் நன்மாறன் அருந்தும் மதுவை யவனர் கொணர்ந்தது என்கின்றார். நெடுநல்வாடையிற் பாவை விளக்கு. பெரும்பாணாற்றுப்படையிற் கூம்பின் உச்சியில் எரியும் அன்ன விளக்கு. சிலப்பதிகாரத்திற் புகார்க் கரையில் இருக்கை. மதுரை வாயிலிற் காவல். மணிமேகலை யவனத் தச்சரைத் தமிழ்க் கம்மியரோடு ஒருங்கு வைக்கின்றது. பதிற்றுப்பத்தின் இரண்டாம் பதிகம், நெடுஞ்சேரலாதன் யவனரைப் பிணித்ததைக் கூறும். ஆயின் பதிகங்கள் பாட்டுக்களினும் பிற்பட்டன என்பதை மறத்தலாகாது.

பொன், மது, விளக்கு என்னும் இம்மூன்றும் எந்நாட்டிலிருந்து வந்தன என்பதற்கு நிலத்தடிச் சான்று மிகுதியாய்க் கிடைத்துள்ளது. 1945இல் வீலர் அரிக்கமேட்டை அகழ்ந்தபோது இத்தாலி நாட்டு மட்கலங்களும் மதுச்சாடித் துண்டுகளும் வெளிப்பட்டன. கேரளத்துப் பட்டணத்தில் 2007 முதல் நிகழ்ந்த அகழ்வுகளும் அவ்வகைச் சாடிகளையே தந்தன. ஆண்டுதோறும் ஐந்து கோடி செசுதர் நாணயம் இந்தியாவுக்குப் போய்விடுகின்றது என்று பிளினி வருந்தியது பலரும் அறிந்தது. செங்கடற் கரையிலுள்ள பெரெனிக்கேத் துறையில், இந்தியச் சாடி ஒன்றனுள் ஏழரைக் கிலோ அளவான மிளகு அப்படியே கிடந்தது. 1985இல் வெளியிடப்பட்ட, வியன்னாவிலுள்ள புல்லேடு ஒன்று, முசிறி வணிகத்துக்காக எழுதப்பட்ட கடன் உடன்படிக்கையைக் கூறுகின்றது, கப்பலின் பெயர் எர்மப்பொல்லோன், எழுதிய மொழி கிரேக்கம், காலம் கி.பி. இரண்டாம் நூற்றாண்டு. ஆகச் சங்கப் பாட்டின் யவனர், உரோமர் ஆட்சிக்குட்பட்ட எகிப்தினின்றும் வந்த, கிரேக்கமொழி வழங்கும் வணிகர் என்பது பெரும்பான்மையாற் பெறப்படும். அவர்தம் கப்பலில் எகிப்தியனும் சிரியனும் யூதனும் அராபியனும் கூலிக்கு ஏறியிருக்கலாம். துறையில் நின்று பார்த்த தமிழன் ஒவ்வொருவனாய் விளித்துக் குலங் கேட்டிருப்பான் என்று நினைத்தற்கில்லை.

அராபியர் பக்கத்து வழக்கறிஞர் பெரிதும் நம்பும் சான்று ஒன்றுண்டு. கி.பி. முதல் நூற்றாண்டினதாகிய செங்கடற் பயணநூல், முசிறித் துறையில் அராபியாவிலிருந்து வந்த கப்பல்களும் கிரேக்கர் கப்பல்களும் நிறைந்திருந்தன என்று கூறுவதாய் அவர் காட்டுவர். ஆங்கிலத்தில் இசுகோவ் என்பார் 1912இல் வெளியிட்ட மொழிபெயர்ப்பில் இஃது அவ்வாறே உள்ளது. யானும் அதை நம்பிக் குறிப்பெடுத்தவனே. பின்னர்க் காசன் என்பார் 1989இல் மூலத்தோடு வெளியிட்ட பதிப்பைப் பார்த்தபோது, ஆண்டு மூலத்தில் உள்ளது அராபியா அன்று, அரியாக்கே எனக் கண்டேன். அரியாக்கே என்பது இந்தியாவின் வடமேற்குக் கரைப்பகுதி. ஓரிரண்டு எழுத்து வேற்றுமை. அதன்மேல் எத்தனை கட்டுரைகள் எழும்பிவிட்டன! மொழிபெயர்ப்பை மூலமெனக் கொள்ளும் வழக்கம் நம்மிடையே நிலைத்துவிட்டது. வெளிவாரியாய்ப் பயின்று பட்டம் பெற்ற என் போன்றார்க்கு நூல்நிலையம் தொலைவு என்னும் சமாதானமாவது உண்டு. பல்கலைக்கழக நூல்நிலையத்துக்குள் அமர்ந்து எழுதுவோர்க்கு அதுவும் இல்லை.

இதனால் அராபியர் அக்காலத்து இந்தியக் கடலை அறியார் எனக் கொள்ளற்க. அதே பயணநூல், அராபியக் கரையின் மூசாத் துறை அராபியக் கப்பலோட்டிகளால் நிறைந்தது என்றும், அவர் பாரிகாசாவாகிய புரோச்சுத் துறையோடு வணிகஞ் செய்தனர் என்றும் தெளிவாய்க் கூறுகின்றது. சொக்கோத்திராத் தீவில் அராபியரும் இந்தியரும் கிரேக்கரும் கலந்து வாழ்ந்தனர் என்றும் கூறும். இவ்வளவு நல்ல சான்று இருக்க, பிழைபட்ட ஒரு வரியைப் பற்றிநிற்பது ஏனோ?

இலங்கைச் சான்றையும் இவ்வாறே நிறுத்துப் பார்த்தல் வேண்டும். பண்டுகாபயன் அனுராதபுரத்தில் யோனருக்கென இடமொன்று வகுத்தான் என்று மகாவமிசம் கூறுகின்றது. இதனை அராபியர் குடியிருப்பென்று எழுதியவர் பலர். அந்நூலே இருபத்தொன்பதாம் அதிகாரத்தில், மகாதூபியின் தொடக்க விழாவுக்கு யோனநாட்டு அலசந்தா நகரினின்றும் மகாதருமரக்கித தேரர் முப்பதினாயிரம் பிக்குகளோடு வந்தார் என்கின்றது. அலசந்தா என்பது அலெக்சாந்தர் பெயரால் எழுந்த நகரங்களுள் ஒன்று. முப்பதினாயிரம் என்ற தொகையை நம்பாவிடினும், நூலாசிரியர் மனத்தில் யோனர் என்பார் யாவர் என்பது இதனாற் புலனாகும். ஒரு நூலின் ஒரு சொல்லுக்கு அந்நூலின் பிறிதோரிடமே முதற்சான்று.

கிரேக்கர் வணிகம் ஒடுங்கியது. மேற்கடலிற் கலஞ்செலுத்தும் தொழில் அராபியர் கைக்கு மாறியது. ஏழாம் நூற்றாண்டின் பின் அவர் இசுலாமியராய் வந்தனர். பாண்டி நாட்டுக் காயல் துறையில் அராபியக் குதிரை வந்திறங்கியதைப் பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் மார்க்கோ போலோ எழுதியுள்ளார். மதுரையிலிருந்த நச்சினார்க்கினியர் காலம் அதற்கு அணித்தே. மேற்றிசைக் கப்பலில் வருவோன் யாவனோ அவனே சோனகன் என்பது அவர் காலத்து உலகவழக்கு. வருவோர் மாறினர், பெயர் துறையிலேயே நின்றது. ஆதலின் உரையாசிரியரின் சோனகர், பதினான்காம் நூற்றாண்டுக்கு நல்ல சான்று. முதலாம் நூற்றாண்டுக்குச் சான்றாகாது. அவர் எழுதிய சொல் சரி. அதனை நாம் காலம் பிழைத்துப் படிக்கின்றோம்.

இக்காலப்பிழை ஏட்டோடு நின்றதில்லை என்பதாலேயே இதனை இத்துணை விரித்தேன். 1888இல் பொன்னம்பலம் இராமநாதன், அரச ஆசியச் சங்கத்தின் இலங்கைக் கிளையில் இலங்கைச் சோனகரின் இனவியல் பற்றிக் கட்டுரையொன்று படித்தார். மொழி, வழக்கங்கள், உடற்கூறு என்பவற்றைக் காட்டி, அவர் இனத்தாற் றமிழரே, மதத்தால் இசுலாமியர் என்று முடித்தார். அப்போது அவர் சட்டநிரூபண சபையிற் றமிழர் உறுப்பினர். சோனகர்க்கெனத் தனி உறுப்பினர் வேண்டும் என்னும் பேச்சு எழுந்திருந்த காலம் அது. மறு ஆண்டு, 1889இல், அவ்விடம் வழங்கவும்பட்டது. பத்தொன்பது ஆண்டின் பின், 1907இல், ஐ. எல். எம். அப்துல் அஸீஸ் இராமநாதன் கட்டுரைக்கு மறுப்பு நூல் வெளியிட்டு, அராபிய மரபை வலியுறுத்தினார். இருவரும் பேரறிவினர், இருவர் எழுத்தும் ஆங்கிலத்தில். கட்டுரை படிக்கப்பட்ட காலத்தையும் படித்தவர் அமர்ந்திருந்த ஆசனத்தையும் நோக்குவார்க்கு, ஆராய்ச்சியின் முடிபு ஆராய்ச்சிக்கு முன்னரே காத்திருந்தது என்னும் எண்ணம் எழாதிராது. மொழியொன்றே இனத்துக்குச் சான்றாகும் என்பது நிலைநிற்கக் கூடிய வாதமன்று. காருலாக் குகை யவனர் பாகதத்திலேயே எழுதினர். அதற்கு எதிராய்த் தூய அராபியக் குருதியைக் காட்டுவதும் அதனினும் வலிய வாதமாகத் தோன்றவில்லை. நோக்கக் கருதி நோக்கின் இருவரும் ஒரே அடிப்படையில் நிற்கின்றனர்: ஒரு கூட்டத்தார் இன்று யாவர் என்பதை அவர்தம் முதல் முன்னோன் யாவன் என்பது தீர்த்துவைக்கும் என்பதே அது.

எம் கரையின் வாழ்க்கை அவ்வாறு எளிதாய்ப் பிளவுபடுவதன்று. மட்டக்களப்பு முதல் அக்கரைப்பற்றுக்குத் தெற்கு ஈறாகத் தமிழரும் முசுலிம்களும் தாய்வழிக் குடி எண்ணும் மரபினர். கோயிலில் வண்ணக்கர் குடிமுறையால் வருவது போலப் பள்ளிவாசலில் மரைக்காயர் குடிமுறையால் வந்தனர். வீட்டையும் வளவையும் பெண்மக்களுக்குச் சீதனமாய் எழுதும் வழக்கம் இருபாலார்க்கும் பொது. இதனைக் கண்டு இராமநாதன் வென்றார் என்று முழங்குவதற்கும் இடமில்லை. அராபியாவிலோ தமிழ்நாட்டின் பெரும்பகுதியிலோ காணப்படாத இம்முறை, வந்தவரும் இருந்தவரும் நெடுங்காலம் ஒரே வாய்க்காலில் நீர்பாய்ச்சி வாழ்ந்தமையையே காட்டும். எவர் எவரிடம் பெற்றனர் என்பது வேறு ஆராய்ச்சி. அதற்குச் சொற்பிறப்பு உதவாது.

வேற்றார் பெயரைச் சுமந்து வாழ்வது சோனகர்க்கே உரிய விதியுமன்று. 1505இல் இத்தீவை அடைந்த போர்த்துக்கேயர் ஈண்டுக் கண்ட இசுலாமியரை மூர் என்றனர். அது வடமேற்கு ஆபிரிக்காவின் மௌரித்தானிய மக்களின் பெயர். தம் நாட்டில் தாம் போரிட்ட இசுலாமியர்க்கு வழங்கிய பெயரைக் கொண்டுவந்து இங்கு ஒட்டினர். நாம் அப்போர்த்துக்கேயரைப் பறங்கியர் என்றோம். அஃது பிராங்கர் என்னும் செர்மானியக் குலத்தாரின் பெயர், அராபியர் வாய்ப்பட்டு வந்தது. மட்டக்களப்பிற் பறங்கியர் இன்றும் உளர். பிராங்கரைப் பற்றி அவர்க்கு யாது தெரியும்? துலுக்கர் என்பது துருக்கர் பெயர். ஒல்லாந்தரும் முற்கால ஆங்கிலேயரும் இலங்கைத் தமிழரைத் தம் ஏடுகளில் மலபாரிகள் என்றே எழுதினர். தமிழர் அப்பெயரை உதறினர். அதுபற்றி இன்று வருந்துவார் எவருமில்லை.

சோனகர் என்னும் பெயரோ உதறப்படவில்லை. எம் பக்கத்துப் பேச்சுவழக்கிற் சிலர் அதனைச் சுருக்கி இழிவுதோன்றக் கூறுதல் உண்டு. முசுலிம்கள் தம்மைப் பெரும்பாலும் முசுலிம்கள் என்றே சொல்லிக்கொள்வர். ஆயினும் யாழ்ப்பாணத்துச் சோனகத் தெரு அப்பெயரோடே நிற்கின்றது. குடிசன மதிப்பிலும் பிறப்புச் சான்றிதழிலும் இனம் என்னும் நிரலில் இலங்கைச் சோனகர் என்றே எழுதப்படுகின்றது. 2012ஆம் ஆண்டுக் கணக்கில் இத்தீவின் மக்களுள் நூற்றுக்கு ஒன்பதின்மருக்கு மேல் அப்பெயருக்குள் அடங்கினர்.

அம்மாணவனுக்கு யான் அன்று கூறியிருக்க வேண்டியது இதுவே. முல்லைப்பாட்டின் யவனர் உன் முன்னோர் என்பதற்குச் சான்றில்லை. அவர் பெயர் உன் பெயர் என்பதற்கோ ஐயமில்லை. பின்வரிசை மாணவனுக்குக் கூறவும் ஒன்றுண்டு. செங்கடற் பயணநூல் நம் நாட்டை இலிமிரிக்கே என்று குறிக்கின்றது. பழைய உரோம நிலப்படம் ஒன்றில் தமிரிக்கே என்றுள்ளது. கிரேக்க எழுத்தில் தகரவொலிக்குரிய முக்கோணத்தின் அடிக்கோடு அழிந்தால் இலகரவொலிக்குரிய எழுத்தாகிவிடும். ஏடெழுதுவோன் ஒருவன் அக்கோட்டை விட்டான் என்றே அறிஞர் பலர் கருதுகின்றனர். நாம் அவரை அவருள் ஒரு பிரிவினர் பெயரால் அழைத்தோம். அவர் ஏட்டில் நம் பெயர் ஒரு கோடு குறைந்து நிற்கின்றது.